கேலரிக்குக் கீழே ஒரு மணி நேரம்

என் கணவரை ஆயிரக்கணக்கான பேர் சேர்ந்து கெட்ட வார்த்தையில் திட்டுவதை, அவர்கள் நடுவிலேயே உட்கார்ந்து நான் கேட்டிருக்கிறேன். எழுபதுகளின் நடுப்பகுதி. எனக்கு இருபத்து நான்கு வயது. மடியில் மூன்றரை வயது மகள். அவள் விழித்தால் வாயைப் பொத்த உள்ளங்கையைத் தயாராக வைத்துக்கொண்டு, முகத்தில் ஒன்றும் தெரிந்துவிடக் கூடாதே என்று மைதானத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

கல்யாணமாகித் திருநெல்வேலிப் பக்கமிருந்து திருவனந்தபுரத்துக்கு வந்து ஐந்து வருஷம் ஆகியிருந்தது. கரமனையில் ஒரு வீட்டின் பின்கட்டில் வாடகைக்கு இருந்தோம். அடுத்தவர் பேசும் மலையாளம் எனக்குப் புரியும். பதில் சொல்ல வாயைத் திறந்தால் எங்கள் ஊர்த் தமிழ்தான் வரும். கணவர் இங்கேயே பிறந்து வளர்ந்தவர். இரண்டையும் ஒரே வாக்கியத்தில் கலந்து பேசுவார். கலந்தது அவருக்கே தெரியாது. வார நாட்களில் ஒரு அரசு அலுவலகத்தில் கிளார்க். ஞாயிற்றுக்கிழமையும் விடுமுறை நாளும் வந்தால் கால்பந்து ரெஃபரி.

கல்லூரியில் அவரும் ஆடியவர்தான். முழங்கால் போன பிறகு, பந்தை விட மனசில்லாமல் ரெஃபரி பரீட்சை எழுதித் தேறினார். கறுப்புச் சட்டை, கறுப்பு அரைக்கால் சட்டை, கழுத்தில் கயிறு கட்டிய விசில். அந்தச் சட்டையைத் துவைப்பது என் வேலை. ஒருநாள் முதுகுப் பக்கம் திட்டாக ஏதோ காய்ந்திருந்தது. காக்காய் எச்சம் என்று நினைத்துத் தண்ணீரில் நனைத்தேன். வெற்றிலைச் சாற்றின் சிவப்பு பிரிந்து வந்தது. யாரோ துப்பியிருக்கிறார்கள். அவரிடம் கேட்டேன். "கூட்டத்துல அதெல்லாம் இருக்கும்," என்று பேப்பரைப் புரட்டினார். அதற்கப்புறம் ஞாயிற்றுக்கிழமைச் சாயங்காலங்களில் வெளிக்கதவு திறக்கும் சத்தம் கேட்கும்வரை எனக்கு இருப்புக் கொள்ளாது. அடுப்பில் என்ன இருக்கிறது என்பதே மறந்துபோகும்.

இப்படி இருக்கையில் ஒருநாள் அவரே கூப்பிட்டார்.

"நாளைக்கு நீயும் வா. குட்டியையும் கூட்டிக்கோ. செமி ஃபைனல் எனக்குத் தந்திருக்கா. இதுவரை லைன்ல கொடி பிடிச்சுட்டு ஓடினதுதான் ஜாஸ்தி. ஒரு தடவை பாரேன்."

"பொம்பளைங்க வருவாங்களா?"

"கொஞ்சம் பேர் வரும். கயிறு கெட்டித் தனியா இடம் விட்டிருக்கும்."

அவர் முகத்தில் அப்படி ஒரு ஆசையை அதற்கு முன்பு நான் பார்த்ததில்லை. சரி என்றேன். மறுநாள் மத்தியானம் பையைத் தூக்கிக்கொண்டு முன்னாலேயே கிளம்பியவர், வாசலில் நின்று திரும்பிப் பார்த்தார்.

"ஒண்ணு சொல்லணும். என் வைஃப்னு யாருட்டயும் சொல்லாண்டாம், கேட்டியா. ஆராவது கேட்டா சும்மா களி பாக்க வந்தேன்னு சொன்னா மதி." களி என்றால் ஆட்டம், மதி என்றால் போதும்.

"ஏன், சொன்னா என்ன?"

"சும்மா சொன்னேன்." போய்விட்டார்.

அந்த மைதானம் நகரசபைக்குச் சொந்தமானது. குடியரசு தினத்துக்குப் போலீஸ் அணிவகுப்பும், பள்ளிக்கூடங்களின் ஓட்டப்பந்தயமும், கட்சி மாநாடும் அங்கேதான் நடக்கும். மேற்குப் பக்கம் மட்டும் சிமென்ட் படி வைத்த கேலரி. மற்ற மூன்று பக்கமும் மண்மேடு, அதற்கு முன்னால் கம்பிவேலி. பஸ்ஸிலிருந்து இறங்கி நடக்கும்போதே கடல் இரைச்சல் மாதிரி ஒரு சத்தம் வந்தது. இந்த இடத்தில் கடல் ஏது என்று யோசித்தேன். அது ஆட்களின் சத்தம். குழந்தை என் தோளை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

பெண்களுக்கு என்று நான்கைந்து படிகளைக் கயிறு கட்டிப் பிரித்திருந்தார்கள். மொத்தம் பதினைந்து பெண்கள் இருந்தால் அதிகம். கடைசியில் இடம் பார்த்து உட்கார்ந்தேன். பக்கத்தில் ஐம்பது வயது இருக்கும் ஓர் அம்மா. நல்ல உயரம், வெயிலில் காய்ந்த கறுப்பு, முண்டும் ஜாக்கெட்டும், காதில் கனத்த பொன் வளையம். காலுக்கடியில் மீன் விற்கிற பெரிய அலுமினியச் சட்டியைக் கவிழ்த்து வைத்திருந்தார். காலையில் மீன் விற்று முடித்துவிட்டு நேராக இங்கே வந்திருக்கிறார் என்று வாசனையே சொன்னது.

"தனிச்சா வந்தே, மோளே?"

"ஆமா. சும்மா பாக்க வந்தேன்."

"பாண்டிக்காரியா?" என்று சிரித்தார். இங்கே தமிழர்களைப் பாண்டி என்பார்கள். சொல்கிற வாயைப் பொறுத்து அது பாசமாகவும் இருக்கும், வசையாகவும் இருக்கும். இவர் சொன்னது பாசம்தான். "எங்க கடப்புறத்திலும் பாதிப் பேச்சு தமிழ்தான். விழிஞ்ஞத்துக்கு அடுத்தாப்ல என் வீடு."

மடியிலிருந்து வறுத்த கடலைப் பொட்டலத்தை எடுத்துக் குழந்தையின் கையில் கொஞ்சம் கொட்டினார். பிறகு மைதானத்தைக் காட்டினார். மஞ்சள் சட்டை போட்டவர்கள் கடற்கரைப் பையன்கள். நீலச் சட்டைக்காரர்கள் வெளியூரிலிருந்து வந்த ஒரு கம்பெனி அணி.

"மஞ்சளில் நாலாம் நம்பர் கண்டியா? என்றெ இளைய மகன். அந்தப் பந்தலுக்குக் கீழே நாற்காலியில் இருக்கிறவங்க பெரிய ஆபீசருங்க. அவங்க டீமுக்கு ஆளெடுக்க வந்திருக்கா. இன்னைக்கு நல்லா களிச்சா வேலை கிட்டும். கடலுக்குப் போகாம ஒருத்தனாவது பிழைக்கட்டும்." அவருடைய கணவர் கடலுக்குப் போனவர், திரும்பவில்லை என்பதையும் அதே மூச்சில் சொன்னார்.

"உன் மாப்பிள்ளை எங்கே?"

"வேலைக்குப் போயிருக்காங்க," என்றேன். பொய் இல்லை.

கறுப்பு உடையில் என் கணவர் நடுவில் வந்து நின்றார். அத்தனை பெரிய மைதானத்தில் அவர் ரொம்பச் சின்னதாகத் தெரிந்தார். ஆனால் விசிலை ஊதியதும் இருபத்திரண்டு பேரும் ஓடத் தொடங்கினார்கள். எனக்கு நெஞ்சு நிறைந்தது. நல்லவேளையாகக் குழந்தை கடலையைத் தின்றுவிட்டு மடியில் தூங்கிப்போனாள்.

அந்தச் சந்தோஷம் அரை மணி நேரம்கூட இருக்கவில்லை. மஞ்சள் பக்கம் ஒருவரை என் கணவர் விசில் ஊதி நிறுத்தியபோது, பின்னாலிருந்து ஒருவன் கத்தினான். "எடா பாண்டி! நின்றெ நாட்டில் போய் ஊதெடா!" உன் ஊரில் போய் ஊது என்கிறான். நாலு பேர் சிரித்தார்கள். அடுத்த தடவை நாற்பது பேர் கத்தினார்கள். அவர் தமிழர் என்று எப்படியோ எல்லாருக்கும் தெரிந்திருந்தது. இடைவேளைக்குப் பிறகு அது பாட்டு மாதிரி ஆகிவிட்டது. கேலரி முழுக்க ஒரே தாளத்தில் கை தட்டி அந்தச் சொல்லைச் சொன்னது. அதோடு சேர்த்து அவருடைய அம்மாவை, சகோதரியை, மனைவியை. மனைவி என்றால் நான். என்னை என்ன செய்யப் போகிறார்கள் என்று என் தலைக்கு மேலேயே கத்தினார்கள். நான் முந்தானையை இழுத்துத் தோளை மூடிக்கொண்டேன். வாயைத் திறந்தால் தமிழ் வரும். வாயைத் திறக்கக் கூடாது.

யாரும் கோல் போடவில்லை. முடிய இன்னும் பத்து நிமிஷம் இருக்கும். மஞ்சள் அணியின் கோல் போஸ்ட்டுக்கு முன்னால் ஏழெட்டுப் பேர் ஒரே குவியலாகக் குதித்தார்கள். பந்து எங்கே என்றே தெரியவில்லை. விசில் கேட்டது. என் கணவர் ஓடி வந்து கோலுக்கு நேர் எதிரே இருந்த வெள்ளைப் புள்ளியை விரலால் காட்டினார்.

எனக்கு அதன் அர்த்தம் தெரியாது. பக்கத்திலிருந்த அம்மா மாரில் அறைந்துகொண்டு எழுந்ததைப் பார்த்துத்தான் ஏதோ பெரிதாக நடந்துவிட்டது என்று புரிந்தது. "பெனால்ட்டியா? எதுக்கு பெனால்ட்டி? ஆரு கையால் தொட்டது?" என்று அவர் மைதானத்தைப் பார்த்து அலறினார். மஞ்சள் சட்டைக்காரர்கள் என் கணவரைச் சூழ்ந்துகொண்டார்கள். நாலாம் நம்பர் எல்லாரையும் விலக்கிக்கொண்டு முன்னால் வந்தான். இரண்டு கையாலும் அவர் நெஞ்சில் ஓங்கித் தள்ளினான். அவர் பின்னால் தடுமாறி, ஒரு கையை ஊன்றி, எழுந்தார். சட்டையைச் சரி செய்துகொண்டார். பிறகு கையை நீட்டி அவனை வெளியே போகச் சொன்னார்.

"என் மகனையா வெளியே விடுறே? நீ நல்லா இருப்பியாடா? நின்றெ வீடு விளங்குமா?" என்று அந்த அம்மா என் கணவரைச் சபித்தார். அவருடைய முழங்கை என் தோளில் உரசிக்கொண்டிருந்தது.

நீலச் சட்டைக்காரன் பந்தை வைத்து அடித்தான். கோல். அதோடு கல் பறக்கத் தொடங்கியது.

முதலில் மண்மேட்டுப் பக்கமிருந்து வந்தது. அப்புறம் எங்கள் தலைக்கு மேலாகவும் போனது. செங்கல் துண்டு, சோடா பாட்டில், ஒரு செருப்பு. கம்பிவேலி சாய்ந்தது. ஆட்கள் உள்ளே குதித்து ஓடினார்கள். ஏழெட்டுப் போலீஸ்காரர்கள் லத்தியோடு என் கணவரை நோக்கி ஓடினார்கள். அந்தச் சத்தத்தில் குழந்தை விழித்துக்கொண்டாள். விழித்த கண்ணுக்கு நேராக அவளுடைய அப்பா, நெற்றியைப் பிடித்துக்கொண்டு குனிந்து ஓடுகிறார். நான் வாயைப் பொத்தினேன். அவள் என் விரலைக் கடித்துவிட்டுக் கத்தினாள்.

"அம்மா! அப்பாவ அடிக்காங்க! அப்பாவ அடிக்காங்க!"

கயிற்றுக்கு அந்தப்பக்கம் நின்ற நாலைந்து ஆண்கள் திரும்பினார்கள். ஒருவன் கையில் பாதிச் செங்கல் இருந்தது. அவன் குழந்தையைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "இவளுடெ அப்பன் ஆரா?" என்று கேட்டான்.

குழந்தையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டேன். அந்த ஒரு நிமிஷத்தில் நான் நினைத்தது கணவரைப் பற்றி இல்லை. குழந்தையை மேல் படியிலிருந்து தூக்கி எறிவார்களோ என்று மட்டும்தான் நினைத்தேன்.

பக்கத்திலிருந்த அம்மா குழந்தையைப் பார்த்தார். பிறகு என் முகத்தை ஒரு கணம் உற்றுப் பார்த்தார். சட்டென்று அவர்கள் பக்கம் திரும்பி ஒரே அதட்டல்.

"அந்தா, அந்த போலீஸ்காரன்தாண்டா இவ அப்பன்! நீ எறியிற கல்லு அவன் மண்டையில் பட்டா, நாளைக்கு உன்னைத் தூக்கிட்டுப் போவான். போடா!"

அவன் செங்கல்லை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான். அவ்வளவுதான் தெரியும். அந்த அம்மா ஒரு கையில் சட்டியையும் மறு கையில் என் மணிக்கட்டையும் பிடித்துக்கொண்டு கீழே இழுத்துப் போனார். படியில் இறங்கும்போது அந்தச் சட்டியைக் குழந்தையின் தலைக்கு மேல் கவிழ்த்துப் பிடித்தார். அதில் ஒரு கல் விழுந்து டங்கென்றது.

கேலரிக்கு அடியில் ஒரு சின்ன அறை. மைதானத்தைப் பார்த்துக்கொள்ளும் நகரசபை ஊழியர் ஒருவர், நரைத்த மீசைக்காரர், அதைப் பூட்டிக்கொண்டிருந்தார். அந்த அம்மாவுக்குப் பழக்கமானவர் போல. "குழந்தை இருக்கு அண்ணா," என்று இவர் சொன்னதும், ஒன்றும் கேட்காமல் எங்களை உள்ளே தள்ளினார். "ஆரு தட்டினாலும் மிண்டாதீங்க, சத்தமே காட்டாதீங்க," என்று சொல்லிவிட்டு வெளியே பூட்டுப் போட்டார். சாவி அவரோடு போனது.

கோடு போடுகிற சுண்ணாம்பு மூட்டை, கிழிந்த வலை, கொடிக்கம்புகள். மேலே ஒரு சின்ன ஜன்னல், அதிலும் கம்பி. எங்கள் தலைக்கு மேல் கேலரிப் படிகள். அதில் ஆயிரம் கால்கள் ஒரே நேரத்தில் ஓடின. சிமென்ட்டுப் பொடி கண்ணில் உதிர்ந்தது. கூரை இறங்கிவிடும் என்றே நம்பினேன். தாலி வெளியே தெரிந்தது. எங்கள் ஊர்த் தாலி, பார்த்தாலே இந்த ஊர் இல்லை என்று தெரியும். அதை ஜாக்கெட்டுக்குள் தள்ளினேன்.

அந்த அம்மா சுண்ணாம்பு மூட்டை மேல் உட்கார்ந்தார்.

"ரெஃபரியா நின்றெ மாப்பிள்ளை?"

தலையாட்டினேன்.

"குஞ்சு அலறினப்பவே எனக்குத் தெரிஞ்சுது." பிறகு நெற்றியில் அடித்துக்கொண்டார். "என் மகன் வாயில் மண்ணைப் போட்டவனுடைய பெண்டாட்டியை நானே கையைப் பிடிச்சுக் கொண்டுவந்திருக்கேன். எதுக்குன்னு எனக்கே தெரியலை."

கதவு திறந்திருந்தால் நான் ஓடியிருப்பேன். இவரும் சேர்ந்து சத்தம் போட்டால், ஜன்னல் வழியாக ஒரு வார்த்தை சொன்னால், எங்கள் கதி முடிந்தது. "அம்மா, எனக்குப் பந்தைப் பத்தி ஒண்ணுமே தெரியாதும்மா," என்று எங்கள் ஊர்த் தமிழிலேயே அழுதேன். "அவங்க உயிரோட இருக்காங்களான்னு மட்டும் பாக்கணும்மா."

"மிண்டாதே. உன் சத்தம் வெளியே கேக்கும்."

ஏதோ எரிகிற வாசனை வந்தது. நாற்காலிகளைக் கொளுத்துகிறார்கள் என்று யாரோ ஓடிக்கொண்டே கத்தினான். கதவில் கல்லோ கட்டையோ மோதியது. குழந்தை பயத்தில் என் மடியிலேயே மூத்திரம் போய்விட்டாள். இருபத்து நான்கு வயதில் விதவையாகி இந்தக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு எந்த பஸ்ஸில் ஏறி எங்கள் ஊருக்குப் போவேன், அப்பாவிடம் முதல் வார்த்தை என்ன சொல்வேன் என்றெல்லாம் மனசு பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. அந்த பஸ்ஸில் ஜன்னல் ஓரமாக உட்காருவதாகக்கூட நினைத்தேன். அதை இப்போது நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது.

எத்தனை நேரம் ஆனது என்று தெரியாது. பூட்டு திறந்தது. நரைத்த மீசைக்காரருக்குப் பின்னால் நாலாம் நம்பர் நின்றான். கன்னத்தில் சேறும் கண்ணீரும். "அம்மா, உன்னை எங்கெல்லாம் தேடினேன்," என்று உள்ளே வந்தவன் என்னைப் பார்த்து நின்றான். "இது ஆரு?"

அந்த அம்மா சுற்றி வளைக்கவில்லை. "நீ கை நீட்டினாயே, அந்த ஆளுடைய பெண்டாட்டியும் பிள்ளையும்."

அவன் குழந்தையைப் பார்க்கவில்லை. என்னையே பார்த்தான். அவனுக்கு இருபது, இருபத்தொன்று இருக்கும். அந்தச் சின்ன அறையில் அவன் தலை கூரையில் இடிக்கும்போல் இருந்தது. குழந்தையை முதுகுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டேன்.

"அந்த ஆள் எங்கே?" என்று அம்மா கேட்டார்.

"டிரெஸ்ஸிங் ரூமில். ஜன்னலெல்லாம் உடைச்சாச்சு. வாசலில் நாலு போலீஸ்தான். கதவு இன்னும் கொஞ்ச நேரம்தான் நிக்கும்."

"போய்க் கொண்டுவா."

"ஞான் போகணுமா?" என்றான். "என்றெ ஜோலி போச்சு அம்மா. ஆபீசருங்க காரில் ஏறிப் போயாச்சு. அவனை ஞான் கொண்டுவரணுமா? சாவட்டும்."

"சரி, சாவட்டும்," என்றார் அம்மா. "நாளைக்கு ஒருத்தன் செத்துப் போனான்னு போலீஸ் வந்தா, முதல்ல கை நீட்டினவன் ஆருன்னு கேப்பா. அப்ப நீ என்ன சொல்லுவே?"

அவன் கதவை உதைத்துத் திறந்துகொண்டு போய்விட்டான். காப்பாற்றப் போகிறானா, எல்லாரோடும் சேர்ந்து அடிக்கப் போகிறானா? அம்மாவிடம் கேட்டேன். "எனக்கும் தெரியாது மோளே," என்றார். ஜெபமாலையை எடுத்துக்கொண்டு முணுமுணுக்க ஆரம்பித்தார். நான் குலதெய்வத்தின் பெயரைச் சொல்லிக்கொண்டிருந்தேன். அந்தக் காத்திருப்புத்தான் எல்லாவற்றையும்விடக் கொடுமை.

மறுபடியும் கதவு திறந்தபோது இரண்டு மஞ்சள் சட்டைக்காரர்கள் வந்தார்கள். ஒருவன் இன்னொருவனைத் தோளில் கை போட்டுத் தாங்கிக்கொண்டு வந்தான். அடிபட்ட ஆட்டக்காரன்போல, தலைமேல் துண்டு, நொண்டி நடை. தாங்கி வந்தவன் எட்டாம் நம்பர். துண்டு போட்டவன் முதுகில் நாலு.

துண்டை எடுத்தார். என் கணவர்.

இடது புருவத்துக்கு மேல் கிழிந்து ரத்தம் காது வரை வடிந்திருந்தது. குழந்தை அவரை அடையாளம் தெரியாமல் என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அவர் எங்களைப் பார்த்தார். அப்படியே சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டார்.

நடந்ததை எட்டாம் நம்பர்தான் சொன்னான். நாலாம் நம்பர் கூட்டத்தை இடித்துக்கொண்டு உள்ளே போயிருக்கிறான். எல்லாரும் அவன் அடிக்கத்தான் போகிறான் என்று வழி விட்டிருக்கிறார்கள். உள்ளே போனவன் ஜெர்சியைக் கழற்றி, "இதைப் போடும்" என்று என் கணவரின் மேல் எறிந்திருக்கிறான். பிறகு வெற்றுடம்போடு முன்வாசலில் வந்து நின்று, ரெஃபரி பின்ஜன்னல் வழியாக வடக்குப் பக்கம் ஓடிவிட்டதாகக் கத்தியிருக்கிறான். கூட்டம் வடக்கே திரும்பி ஓடியது. அவனும் அவர்களோடு ஓடினான். எட்டாம் நம்பர் என் கணவரைத் தாங்கிக்கொண்டு முன்வாசல் வழியாகவே வந்தான்.

"அவன் எங்கே?" என்று அம்மா கேட்டார்.

"இன்னும் ஓடிட்டிருக்கான்," என்றான் எட்டாம் நம்பர்.

நரைத்த மீசைக்காரர் பின்பக்கச் சின்னக் கேட்டைத் திறந்துவிட்டார். சந்துகள் வழியாகத் தம்பானூர் பஸ் நிலையம் வரை நடந்தோம். அந்த அம்மாவிடம் ஒரு வார்த்தை சொல்லிக்கொண்டேனா என்பது எனக்கு நினைவில்லை. பின்னால் யாராவது ஓடி வந்தாலே சுவரோடு ஒட்டி நின்றோம். பஸ்ஸில் ஏறியபோது கண்டக்டர் மஞ்சள் சட்டையைப் பார்த்து, "தோற்றுப் போச்சா?" என்று அனுதாபமாகக் கேட்டார். என் கணவர் ஆமாம் என்று தலையாட்டினார்.

மறுநாள் காலை, அலுவலகத்துக்கு விடுப்புச் சொல்லிவிட்டு, ஆட்டத்தைப் பற்றிய ரிப்போர்ட் எழுத உட்கார்ந்தார். ரெஃபரி எழுதித்தான் ஆக வேண்டும். நான் காப்பியை வைத்துவிட்டு எதிரே நின்றேன்.

"அந்தப் பையன் தள்ளினதை எழுதாதீங்க."

"எப்படி எழுதாம இருக்கறது? அத்தனை பேர் கண்டதல்லே."

"அவன் இல்லேன்னா நீங்க இல்ல."

"அதையும் எழுதறேன்." பேனாவை மூடி வைத்தார். தலையைத் தூக்காமல் சொன்னார். "ஒண்ணு சொல்றேன். கை பட்டதை நான் நேரா பாக்கலை. பந்து திசை மாறினதைத்தான் கண்டேன். கைதான்னு தோணிச்சு. ஊதிட்டேன்."

எதிரே உட்கார்ந்தேன். "அப்ப அதையும் எழுதுங்க," என்றேன். கல்யாணமாகி அவரிடம் நான் அப்படிக் கண்டிப்பாகப் பேசியது அதுதான் முதல் தடவை. எழுதினார்.

பையனுக்கு ஆறு மாதம் ஆடத் தடை. கை நீட்டியதற்கு இன்னும் அதிகம் கிடைத்திருக்கும், ரிப்போர்ட்டைப் பார்த்துக் குறைத்தார்கள் என்றார்கள். ஆபீசர்கள் திரும்பி வரவில்லை. என் கணவருக்கு இரண்டு வருஷம் பெரிய ஆட்டம் எதையும் கொடுக்கவில்லை.

ஜெர்சியைத் துவைத்து மடித்து வைத்திருந்தேன். ரத்தக்கறை முழுதும் போகவில்லை. விசாரித்து, அந்த அம்மா மீன் விற்கிற இடத்தைக் கண்டுபிடித்துப் போக எனக்கு ஒரு மாதம் ஆயிற்று. தூரம் காரணமில்லை, பயம்தான். சந்தையில் அத்தனை பேர் நடுவில் அவர் வாயைத் திறந்து என்னைச் சபித்தால் நான் என்ன செய்வேன்? ஈரத் தரையில் அவர் முன்னால் போய் நின்று பொட்டலத்தை நீட்டினேன். வாங்கினார், பிரித்தார், நாலு என்ற எண்ணைத் தடவினார்.

"கை நீட்டினான், அதுக்கு சிட்சை. அதைப் பத்தி நான் ஒண்ணும் சொல்லலை," என்றார். "ஒண்ணே ஒண்ணு கேக்கணும். அன்னைக்கு உன் மாப்பிள்ளை கண்டாரா, காணலையா?"

"பாக்கலை," என்றேன். "பாக்கலைன்னு எழுதியும் குடுத்துட்டாங்க."

அவர் என்னை முறைத்துப் பார்த்தார். கையில் மீன் வெட்டும் கத்தி இருந்தது. பிறகு ஜெர்சியை மடித்துத் தன் பக்கத்தில் வைத்துக்கொண்டார். "குஞ்சு சுகமா?" என்று கேட்டார்.

"தூக்கத்துல அலறுறா."

"என் மகனும் அலறுறான்," என்றார். அடுத்து நின்றவர் சாளை கேட்டார், அவர் அந்தப் பக்கம் திரும்பிவிட்டார்.

தடை முடிந்தபின் அந்தப் பையன் இன்னும் இரண்டு பருவம் ஆடினான் என்று கேள்வி. வேலை கிடைக்கவில்லை. அண்ணனோடு கடலுக்குப் போகத் தொடங்கினான். மழைக்காலத்தில் கடலில் ஆள் காணாமல் போன செய்தி பேப்பரில் வந்தால் என் கணவர் பெயர்களை ஒவ்வொன்றாக வாசிப்பார். அந்தப் பையனின் பெயர் அதில் இல்லை என்று தெரியும்வரை இருவருமே பேசமாட்டோம். எண்பதுகளில் அவர் விசிலை விட்டபிறகும் பெயர் வாசிப்பது நிற்கவில்லை.